குட்டித் தீவு எப்படி ஒரு நாடாகிறது? நவூருவை முன்வைத்து ஓர் எளிய விளக்கம்

நவூரு என்ற பெயரைத் தமிழ்ச் செய்திகளில் பார்த்தவர்கள் பெரும்பாலும் ஒரே காரணத்துக்காகத்தான் பார்த்திருப்பார்கள். படகில் வந்த அகதிகளைத் தன் மண்ணில் வைத்துக்கொள்ள மனமில்லாமல் ஆஸ்திரேலியா கொண்டுபோய் அடைத்த தீவு அது. 2012இல் அந்த முகாமை மறுபடி திறந்தபோது முதல் விமானத்தில் கொண்டுபோகப்பட்டவர்கள் இலங்கையிலிருந்து வந்தவர்கள். முகாமின் கதையைத் தனியாகத்தான் எழுத வேண்டும். இங்கே கேள்வி வேறு. "வேறொரு நாட்டுக்கு அனுப்புகிறோம்" என்று ஆஸ்திரேலியா சொன்னதே, அந்த வேறொரு நாடு எப்படி உருவானது? மொத்தப் பரப்பு 21 சதுர கிலோமீட்டர். கரையோரமாகச் சுற்றி வரும் சாலை 20 கிலோமீட்டர்கூட வராது. மக்கள் சுமார் 12,000 பேர். இவ்வளவு சிறிய இடத்துக்குக் கொடி, நாடாளுமன்றம், ஐ.நா.வில் இந்தியாவுக்கும் சீனாவுக்கும் இருப்பதுபோலவே ஒரு ஓட்டு, எல்லாம் எப்படி வந்தது?

முதலில் சட்டம். 1933இல் உருகுவேயின் மொண்டேவிடியோ நகரில் அமெரிக்கக் கண்டத்து நாடுகள் கூடி ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. ஒன்றை நாடு என்று சொல்ல என்ன வேண்டும் என்ற கேள்விக்கு இன்றும் எல்லோரும் எடுத்துக்காட்டுவது அதைத்தான். நிலையாக வாழும் மக்கள், வரையறுக்கப்பட்ட நிலம், ஓர் அரசாங்கம், பிற நாடுகளோடு உறவு வைத்துக்கொள்ளும் திறன், அவ்வளவுதான். எத்தனை மக்கள், எவ்வளவு நிலம் என்று ஒரு வார்த்தையும் அதில் இல்லை. ஐ.நா. உறுப்பினராக இருக்க வேண்டும் என்பதும் இல்லை. நவூரு சுதந்திரம் பெற்றது 1968இல், ஐ.நா.வில் சேர்ந்தது 1999இல். இடையில் இருந்த 31 ஆண்டுகளும் அது நாடாகத்தான் இருந்தது.

சட்டம் இப்படி இருந்தாலும், நடைமுறையில் "இவ்வளவு சின்ன ஊர் தன் காலில் நிற்குமா?" என்று கேட்டே தட்டிக்கழித்தவர்கள் உண்டு. காலனி வைத்திருந்தவர்களுக்கு மிகவும் பிடித்த வாதம் அது: "உங்களுக்கு இன்னும் பக்குவம் வரவில்லை, வந்ததும் தருகிறோம்." இந்த வாதத்தின் வாயை அடைத்தது 1960 டிசம்பர் 14 அன்று ஐ.நா. பொதுச்சபை நிறைவேற்றிய 1514ஆம் எண் தீர்மானம். அரசியல், பொருளாதார, சமூக, கல்வித் தயார்நிலை போதாது என்பதைச் சுதந்திரத்தைத் தள்ளிப்போடுவதற்கான சாக்காக ஒருபோதும் ஆக்கக் கூடாது என்று அது சொன்னது. ஆதரவு 89, எதிர்ப்பு ஒன்றுகூட இல்லை, ஓட்டுப் போடாமல் ஒதுங்கியவர்கள் 9 பேர். பிரிட்டன், பிரான்ஸ், அமெரிக்கா எல்லாம் அந்த ஒன்பதில் அடக்கம். அப்போது நவூருவை நிர்வகித்துவந்த ஆஸ்திரேலியாவும்தான்.

மறுநாளே 1541 என்று இன்னொரு தீர்மானம் வந்தது. காலனியாக இருந்த ஒரு பகுதி எப்போது தன்னாட்சி பெற்றதாகக் கருதப்படும் என்று அது விளக்கியது. முழுச் சுதந்திரம் ஒரு வழி. வேறொரு நாட்டோடு சம உரிமையுடன் இணைந்துவிடுவது இன்னொரு வழி. மூன்றாவது சுதந்திர இணைவு: உள்நாட்டு ஆட்சி உன் கையில், ஆனால் ஒரு பெரிய நாட்டோடு நீயாக விரும்பி உறவு வைத்துக்கொள்வது. 1965இல் குக் தீவுகள் நியூசிலாந்தோடு இப்படித்தான் இணைந்தன. அங்கே சொந்த நாடாளுமன்றம், சொந்தப் பிரதமர் உண்டு. கையில் இருப்பது நியூசிலாந்து பாஸ்போர்ட். எந்த வழியானாலும் அது அந்த மக்கள் சுதந்திரமாகத் தேர்ந்ததாக இருக்க வேண்டும் என்பதுதான் அடிப்படை.

சரி, நவூருவுக்கு வருவோம்.

பூமத்திய ரேகைக்குச் சற்றுத் தெற்கே, பசிபிக்கின் நடுவில் தன்னந்தனியாக இருக்கும் தீவு. பக்கத்துத் தீவான பனாபாவே ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. பன்னிரண்டு குலங்கள் அங்கே வாழ்ந்தன. இன்றைய கொடியில் இருக்கும் நட்சத்திரத்துக்குப் பன்னிரண்டு முனைகள் அதனால்தான். 1888இல் ஜெர்மனி அதைத் தன்னுடையது என்று அறிவித்தது. பெரிய ஆர்வம் எதுவும் அதற்கு இல்லை, கொப்பரை வியாபாரத்தோடு சரி. அப்புறம்தான் அந்தக் கல் வந்தது.

சிட்னியில் பசிபிக் தீவுகளில் வியாபாரம் செய்த ஒரு கம்பெனியின் அலுவலகத்தில், கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க ஒரு கல்லை முட்டுக்கொடுத்து வைத்திருந்தார்கள். நவூருவிலிருந்து யாரோ கொண்டுவந்த கல். கல்லாக மாறிப்போன மரம் என்றுதான் நினைத்திருந்தார்கள். ஆல்பர்ட் எல்லிஸ் என்ற ஊழியருக்கு மட்டும் அதன்மேல் சந்தேகம். 1900ஆம் ஆண்டை ஒட்டி அவர் அதைச் சோதித்துப் பார்த்தபோது, மிக உயர்தரமான பாஸ்பேட் என்று தெரிந்தது. பாஸ்பேட் என்றால் உரம். ஆஸ்திரேலியாவின், நியூசிலாந்தின் சத்தில்லாத மண்ணுக்கு அது அமுதம். சில ஆண்டுகளிலேயே வெட்டியெடுக்கத் தொடங்கிவிட்டார்கள்.

எப்படி வெட்டினார்கள் என்று தெரிந்தால்தான் பின்னால் வரும் வழக்கு புரியும். நவூருவின் கரையோரம் ஒரு மெல்லிய வளையம்; தென்னையும் வீடுகளும் அங்கேதான். நடுவில் இருக்கும் மேட்டு நிலத்தை 'டாப்சைடு' என்பார்கள். அங்கே பவளச் சுண்ணாம்புப் பாறைகள் தூண் தூணாக நிற்கும், அந்தத் தூண்களுக்கு இடையே பாஸ்பேட் நிரம்பியிருக்கும். மேலே இருந்த மரம் செடிகளை வழித்துவிட்டு, இடுக்குகளில் இருந்ததைத் தோண்டி எடுத்தால், மிஞ்சுவது கூர்கூராக நிற்கும் பாறைக் காடு. உழ முடியாது, வீடு கட்ட முடியாது, நடப்பதே சிரமம். தோண்டியது ரயிலில் கரைக்கு இறங்கும். தீவுக்குத் துறைமுகம் கிடையாது; பவளத்திட்டைத் தாண்டினால் உடனே ஆழ்கடல். அதனால் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் இரும்புக் கைகளைக் கட்டி, அவற்றின் வழியாகக் கப்பலுக்குள் கொட்டினார்கள். ஊரின் தரை இப்படி டன் டன்னாகக் கப்பலேறிப் போனது.

முதல் உலகப்போர் தொடங்கியதும் 1914இல் ஆஸ்திரேலியப் படை ஜெர்மனியிடமிருந்து தீவைப் பிடித்தது. 1919இல் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் தங்களுக்குள் ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொண்டு, பாஸ்பேட் தொழிலை வாங்கி, 'பிரிட்டிஷ் பாஸ்பேட் ஆணையர்கள்' என்ற அமைப்பிடம் ஒப்படைத்தன. அதற்கு அடுத்த ஆண்டு நாடுகளின் சங்கம் (ஐ.நா.வுக்கு முந்தைய அமைப்பு) அதே மூவரிடம் நவூருவைப் பொறுப்பாட்சியாகக் கொடுத்தது. இரண்டாம் போருக்குப் பிறகு, 1947இல், ஐ.நா.வும் அதே ஏற்பாட்டைப் புதுப்பித்தது.

பொறுப்பாட்சி என்பது என்ன? மைனர் பிள்ளையின் சொத்தைப் பார்த்துக்கொள்ளக் கோர்ட்டு ஒரு காப்பாளரை நியமிக்கிறதல்லவா, அதுபோல. நிலம் காப்பாளருடையது அல்ல. பிள்ளை வளர்ந்ததும் ஒப்படைக்க வேண்டும். அதுவரை கணக்குச் சொல்ல வேண்டும். ஐ.நா. சாசனத்தின் 76ஆவது பிரிவு, அந்த மக்களைத் தன்னாட்சி அல்லது சுதந்திரம் நோக்கி வளர்த்தெடுப்பது காப்பாளரின் கடமை என்கிறது. ஆண்டறிக்கை தர வேண்டும், மக்கள் நேரடியாக ஐ.நா.வுக்கு மனு அனுப்பலாம், ஐ.நா. குழு அவ்வப்போது வந்து பார்க்கும். காகிதத்தில் நல்ல ஏற்பாடுதான். நவூருவில் சிக்கல் என்னவென்றால், காப்பாளர்தான் பிள்ளையின் தோப்பில் விளைவதை வாங்கும் ஆளும், விலை வைக்கும் ஆளும். பாஸ்பேட் உலகச் சந்தை விலைக்கு விற்கப்படவில்லை. எடுக்க ஆன செலவை ஒட்டிய விலைக்கு ஆஸ்திரேலிய, நியூசிலாந்து விவசாயிகளுக்குப் போனது. நிலத்துக்காரர்களுக்குக் கிடைத்த ராயல்டி தொடக்கத்தில் டன்னுக்கு அரைப் பென்னி.

இதற்கு நடுவே இந்த மக்கள் அழிந்தே போயிருக்க வேண்டியவர்கள். 1920இல் இன்ஃப்ளூயன்சா வந்து பலரைக் கொண்டுபோனது. ஓர் இனமாகப் பிழைக்க வேண்டுமானால் குறைந்தது 1,500 பேராவது இருக்க வேண்டும் என்று கருதப்பட்டது. 1932 அக்டோபர் 26 அன்று பிறந்த ஒரு பெண் குழந்தையோடு அந்த எண்ணிக்கை எட்டியது. 'அங்காம் நாள்' என்று இன்றும் அங்கே அரசு விடுமுறை. பத்து வருடம் கழித்து ஜப்பான் தீவைப் பிடித்தது. 1943இல் 1,200 நவூரு மக்களைக் கப்பலேற்றி, ஏறக்குறைய 1,600 கிலோமீட்டர் தொலைவில் இருந்த ட்ரக் தீவுகளுக்குக் கூலி வேலைக்குக் கொண்டுபோனது. பசி, நோய், குண்டுவீச்சு எல்லாம் தாண்டி உயிரோடு திரும்பியவர்கள் 737 பேர். அவர்கள் கரையிறங்கிய நாள் 1946 ஜனவரி 31. 1,500 என்ற எண்ணை மறுபடி எட்ட 1949 வரை ஆனது.

ட்ரக்கிலிருந்து திரும்பியவர்களில் ஒருவர் ஹேமர் டி ரோபர்ட். பள்ளி ஆசிரியர். 1950களின் நடுவில் தீவின் தலைமைத் தலைவராகி, நிதானமாகவும் விடாப்பிடியாகவும் பேரம் பேசியவர். 1960களின் தொடக்கத்தில் ஆஸ்திரேலியா ஒரு யோசனை சொன்னது: பாஸ்பேட் ஒருநாள் தீரும், தீவு வாழத் தகுதியற்றதாகிவிடும், குவீன்ஸ்லாந்து கரையோரம் உள்ள கர்ட்டிஸ் தீவுக்கு எல்லோரும் குடிபெயருங்கள், செலவு எங்களுடையது. கேட்பதற்குத் தாராளமாகத்தான் இருக்கிறது. ஆனால் அங்கே போனால் அவர்கள் ஆஸ்திரேலியக் குடிமக்கள், ஒரு மக்களாகத் தங்களைத் தாங்களே ஆளும் உரிமை கிடையாது. 1964இல் நவூரு அதை மறுத்துவிட்டது. வெட்டிய நிலத்தைச் சரிசெய்து கொடுங்கள், நாங்கள் இங்கேயே இருக்கிறோம் என்றார்கள்.

அப்புறம் சுதந்திரப் பேச்சு. வெளியுறவையும் பாதுகாப்பையும் நாங்கள் வைத்துக்கொள்கிறோம் என்று ஆஸ்திரேலியா சொல்லிப் பார்த்தது. நவூரு ஒப்பவில்லை. 1967இல் பாஸ்பேட் தொழிலின் இயந்திரங்கள், ரயில், கட்டடங்கள் எல்லாவற்றையும் 2.1 கோடி ஆஸ்திரேலிய டாலருக்கு வாங்கிக்கொள்வதாக ஒப்பந்தம் ஆனது. தங்கள் நிலத்தில் தங்கள் கல்லை எடுக்கத் தாங்களே காசு கொடுத்தார்கள் என்பதைக் கவனியுங்கள். 1970க்குள் முழுக் கட்டுப்பாடும் கைக்கு வந்துவிட்டது. சுதந்திர நாளாக அவர்கள் தேர்ந்தது 1968 ஜனவரி 31. ட்ரக்கிலிருந்து திரும்பியதன் 22ஆம் ஆண்டு நிறைவு. பூர்வகுடி மக்கள் அப்போது சுமார் 3,000 பேர்தான். அதற்கு முந்தைய ஆண்டுதான் ஐ.நா. பொதுச்செயலாளர் ஊ தாண்ட், இவ்வளவு சிறிய நாடுகள் சர்வதேச அமைப்பின் பாரத்தைத் தாங்குமா என்று தன் அறிக்கையில் கவலைப்பட்டிருந்தார். நவூரு அவருக்கு வேலை வைக்கவில்லை, உறுப்பினராக விண்ணப்பிக்கவே இல்லை.

சுதந்திரத்துக்குப் பிந்தைய கதையை இணையத்தில் எல்லோரும் ஒரே மாதிரி சொல்வார்கள். 1970களில் தலைக்கு வருமானத்தில் உலகின் மேல்வரிசை; வருமான வரி கிடையாது; சொந்த விமான நிறுவனம்; மெல்போர்னில் 52 மாடிக் கட்டடம். பிறகு தப்பான முதலீடுகள், கடன், 2004இல் அந்தக் கட்டடமும் விற்பனை. கையில் காசில்லாத நேரத்தில், 2001இல், அகதிகள் முகாமோடு ஆஸ்திரேலியா வந்தது. பணத்தைக் கையாளத் தெரியாமல் கெட்டுப்போனார்கள் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். அதில் உண்மை இல்லாமலும் இல்லை. ஆனால் சுதந்திரத்துக்கு முன்பே பாஸ்பேட் நிலத்தில் சுமார் மூன்றில் ஒரு பங்கு தோண்டி முடிக்கப்பட்டிருந்தது, மலிவு விலையில். அந்தப் பங்கை வீணடித்தவர்கள் நவூருக்காரர்கள் இல்லை.

இந்த விஷயத்தைத்தான் அவர்கள் கோர்ட்டுக்குக் கொண்டுபோனார்கள். முதலில் 1986இல் ஒரு விசாரணைக் குழு அமைத்தார்கள். தலைவர், இலங்கையைச் சேர்ந்த சட்ட அறிஞர் சி. ஜி. வீரமந்திரி. பழைய சுரங்க நிலத்தைச் சீர்செய்யும் பொறுப்பு அதைத் தோண்டிய மூன்று அரசுகளுடையது என்று அந்தக் குழு சொன்னது. 1989இல் நவூரு ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்தில் ஆஸ்திரேலியாமேல் வழக்குப் போட்டது. பொறுப்பாட்சி முடிந்ததோடு கணக்கும் முடிந்துவிட்டது, அதோடு பிரிட்டனும் நியூசிலாந்தும் இல்லாமல் எங்களை மட்டும் விசாரிக்க முடியாது என்றெல்லாம் ஆஸ்திரேலியா வாதாடியது. விசாரிக்கலாம் என்று 1992இல் நீதிமன்றம் சொன்னது. அடுத்த ஆண்டே ஆஸ்திரேலியா 10.7 கோடி டாலருக்குச் சமரசம் செய்துகொண்டது. காப்பாளரைக் கோர்ட்டுக்கு இழுத்துக் கணக்குக் கேட்ட ஒரு முன்னாள் 'மைனர்'! தனி நாடாக இருந்ததால்தான் அந்தப் படியில் ஏறவே முடிந்தது, ஏனென்றால் அந்த நீதிமன்றத்தில் நாடுகள் மட்டும்தான் வழக்குப் போட முடியும். கர்ட்டிஸ் தீவுக்குப் போயிருந்தால் இந்த வழக்கே இல்லை.

எல்லாத் தீவும் இப்படி விலகத்தான் துடித்தது என்று நினைத்துவிட வேண்டாம். கரீபியனில் அங்குவிலா என்றொரு தீவு. பிரிட்டன் 1967இல் அதை செயின்ட் கிட்ஸ், நெவிஸ் தீவுகளோடு ஒன்றாகக் கட்டித் தன்னாட்சி கொடுத்தது. அங்குவிலாக்காரர்கள் செயின்ட் கிட்ஸ் போலீஸைத் தீவைவிட்டு விரட்டினார்கள். பிரிந்து போகலாமா என்று ஓட்டெடுத்தார்கள்: ஆம் 1,813, இல்லை 5. அவர்களுடைய கோபம் பிரிட்டன்மேல் இல்லை, செயின்ட் கிட்ஸ்மேல். 1969 மார்ச்சில் பிரிட்டன் பாராசூட் படையையும் லண்டன் போலீஸையும் இறக்கியபோது எதிர்த்துச் சுட ஆளே இல்லை. கடைசியில் 1980இல் தனியாகப் பிரிக்கப்பட்டு இன்றும் பிரிட்டனின் பகுதியாகவே இருக்கிறது. (செயற்கை நுண்ணறிவு நிறுவனங்களின் இணைய முகவரிகள் '.ஏஐ' என்று முடிகின்றன அல்லவா, அது இந்தத் தீவின் எழுத்து. அந்த வருமானம் இப்போது அரசாங்கத்துக்கு ஒரு பெரிய வரவு.)

பசிபிக்கில் உள்ள துவாலு இன்னொரு மாதிரி. கில்பர்ட் தீவுகளோடு (இன்றைய கிரிபாட்டி) ஒரே காலனியாக இருந்தது. 1974இல் பிரிய வேண்டும் என்று பெருவாரியாக ஓட்டுப் போட்டார்கள். பிரிட்டன் போட்ட நிபந்தனை: பனாபாவின் பாஸ்பேட் வருமானத்தில் பங்கு கிடையாது, காலனியின் சொத்தில் உங்களுக்கு ஒரே ஒரு கப்பல். சரி என்று அந்தக் கப்பலோடு போய், 1978இல் சுதந்திரம் பெற்றார்கள்.

இந்த இரண்டிலும் பிரிக்கச் சொன்னவர்கள் அங்கே வாழ்ந்த மக்கள். ஆள்பவன் தன் வசதிக்குப் பிரித்தால் கதை வேறு. 1514ஆம் தீர்மானத்தின் ஆறாம் பத்தி, காலனியின் நிலத்தைத் துண்டாடக் கூடாது என்கிறது. ஆனால் ரூபாய் நோட்டில் தமிழும் அச்சிடும் மொரீஷியஸுக்கு 1968 மார்ச்சில் சுதந்திரம் கொடுப்பதற்கு முன்பே, 1965இல், சாகோஸ் தீவுகளைப் பிரிட்டன் பிரித்தெடுத்துக்கொண்டது. அமெரிக்கப் படைத்தளத்துக்காக டியேகோ கார்சியாவிலும் சுற்றுத் தீவுகளிலும் இருந்த மக்கள் எல்லோரும் வெளியேற்றப்பட்டார்கள். அந்தப் பிரிப்பு சட்டப்படி செல்லாது என்று சர்வதேச நீதிமன்றம் 2019இல் கருத்துச் சொன்னது. இறையாண்மையை மொரீஷியஸுக்குத் தரும் ஒப்பந்தம் 2025 மே மாதம் கையெழுத்தானது. 2021இல் படகு பழுதாகி அதே டியேகோ கார்சியாவில் கரைசேர்ந்து, ஆண்டுக்கணக்கில் கூடாரத்தில் கிடந்தவர்களும் இலங்கைத் தமிழர்கள்தான்.

இன்னொன்றைச் சொல்லாமல் இந்த விளக்கம் முழுமையாகாது: கடல். 1982இல் உருவான ஐ.நா. கடல் சட்டம், ஒவ்வொரு கரையோர நாட்டுக்கும் 200 கடல் மைல் வரை மீன், கனிமம் ஆகியவற்றின்மேல் தனி உரிமை கொடுத்தது. நிலத்தில் குட்டியாக இருந்த நாடுகள் ஒரே கையெழுத்தில் நீரில் பெரியவை ஆகிவிட்டன. கிரிபாட்டியின் நிலம் 811 சதுர கிலோமீட்டர். கடல் சுமார் 35 லட்சம் சதுர கிலோமீட்டர். அதே 1982இல் பசிபிக் தீவு நாடுகள் சில 'நவூரு உடன்படிக்கை' என்று ஒன்றைச் செய்துகொண்டன. தனித்தனியாக நின்றால் ஜப்பான், கொரியா, அமெரிக்க மீன் கம்பெனிகள் விலையை அடித்துக் குறைத்துவிடும் என்று தெரிந்ததால் ஒன்றாக நின்றார்கள். இப்போது சூரை மீன் பிடிக்க வரும் கப்பல் நாள் கணக்கில் கட்டணம் கட்ட வேண்டும்; ஒரு நாளுக்குக் குறைந்தது 8,000 அமெரிக்க டாலர். பாஸ்பேட்டில் நடந்த ஏமாற்று வேலையைச் சூரையில் நடக்கவிடவில்லை. என்னைக் கேட்டால், இந்தத் தீவுகளின் வரலாற்றில் கொடியேற்றிய நாள்களைவிட இந்தக் கூட்டுப் பேரம் பெரிய விஷயம்.

அதனால் ஒரு குட்டித் தீவின் சுதந்திரத்தைப் பற்றிப் படிக்கும்போது தேதியை மட்டும் பார்க்காமல், மண்ணின் வளம், கடல், வெளியுறவு இவை யார் கையில் இருக்கின்றன என்று பாருங்கள். கையைவிட்டுப் போனது திரும்பவும் வரும், வந்தது போகவும் செய்யும். 2024 டிசம்பரில் நவூரு ஆஸ்திரேலியாவோடு ஒரு புதிய உடன்படிக்கை செய்தது. பட்ஜெட்டுக்கு ஐந்து ஆண்டுகளில் 10 கோடி ஆஸ்திரேலிய டாலர், அதோடு பாதுகாப்புக்குத் தனி நிதி. பதிலுக்கு, பாதுகாப்பு, வங்கி, தொலைத்தொடர்பு போன்றவற்றில் மூன்றாம் நாட்டோடு ஏதாவது செய்வதென்றால் ஆஸ்திரேலியாவோடு கலந்து ஒப்புக்கொண்ட பிறகுதான். 1967இல் டி ரோபர்ட் மறுத்ததில் ஒரு பகுதி, இந்தமுறை விலைக்குப் போயிருக்கிறது.

2025இல் இன்னொரு திட்டமும் தொடங்கியது. தொடங்கியபோது, குறைந்தது 1,05,000 அமெரிக்க டாலர் கட்டுபவர்களுக்கு நவூரு குடியுரிமை என்றார்கள். அந்தப் பணம் எதற்கென்றால், கடல் ஏறிவருவதால் கரையோர வளையத்தில் இருக்கும் பெரும்பாலான மக்களை மேட்டு நிலத்துக்குக் குடியேற்ற. அந்த மேட்டு நிலம், மேலே சொன்ன அதே டாப்சைடுதான். பாறைத் தூண்களை உடைத்துச் சமப்படுத்தினால்தான் அங்கே வீடு கட்ட முடியும்.